இலக்கப் புதிர்கள்: பெற்றோரும் பிள்ளைகளும் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

சிங்கப்பூரின் உட்லண்ட்ஸில் எங்கள் புளோக்கின் கீழ்த்தளத்தில் சனிக்கிழமை மாலை ஏழெட்டுப் பிள்ளைகள் கூடுவார்கள். துணைப்பாட வகுப்பு என்று சொன்னால் அது பெரிய வார்த்தை. ஒரு கல்மேசை, ஒரு சின்ன வெள்ளைப் பலகை, யாராவது வீட்டிலிருந்து வரும் முறுக்கு, அவ்வளவுதான். எல்லாரும் தொடக்கநிலை 3 முதல் 6 வரை படிப்பவர்கள். பின்னம், விழுக்காடு என்றால் முணுமுணுத்துக்கொண்டாவது போட்டுவிடுவார்கள். "ஓர் ஈரிலக்க எண்ணின் இலக்கங்களைக் கூட்டினால்..." என்று ஒரு கணக்கு தொடங்கினால் மட்டும் பென்சில் மேசைக்குப் போய்விடும். கூட்டிப்போக வரும் அப்பா அம்மாக்களுக்கும் அதே தயக்கம்தான். அவர்கள் கேட்டவையும் நான் சொன்னவையும் இங்கே.

இலக்கம், எண் இரண்டும் ஒன்றுதானே?

இல்லை. எழுத்துக்கும் சொல்லுக்கும் உள்ள வித்தியாசம். 0 முதல் 9 வரை பத்து இலக்கங்கள். அவற்றை வரிசையாக நிறுத்தினால் எண். 7 தனியாக நின்றால் இலக்கமும் அதுவே, எண்ணும் அதுவே. 'பூ', 'தீ' எல்லாம் ஓர் எழுத்தாகவும் ஒரு சொல்லாகவும் இருப்பதுபோல.

ஆனால் இலக்கங்களால் எழுதியதெல்லாம் எண் ஆகிவிடாது. நம் அஞ்சல் குறியீட்டையே பாருங்கள். 1995 முதல் அது ஆறு இலக்கம். முதல் இரண்டு இலக்கங்கள் வட்டாரத்தைக் காட்டும். உட்லண்ட்ஸில் பெரும்பாலும் 73. வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீடு என்றால் கடைசி மூன்று இலக்கங்கள் பெரும்பாலும் புளோக் எண்ணாக இருக்கும். அந்த 7-ஐ யாரும் 'ஏழு லட்சம்' என்று படிப்பதில்லை. அங்கே இலக்கம் வெறும் அடையாளம், இட மதிப்பு கிடையாது. நம் புதிர்களில் வருவது இட மதிப்பு உள்ள எண்கள். இந்த வேறுபாடு பிள்ளைக்குப் பிடிபட்டால் பாதிக் குழப்பம் தீரும்.

5274-இல் 2-இன் மதிப்பு என்ன என்றால் என் மகன் 2 என்கிறான். எப்படிப் புரியவைப்பது?

பணத்தை எடுங்கள். 100 வெள்ளி நோட்டு, 10 வெள்ளி நோட்டு, 1 வெள்ளி நாணயம். நிஜப் பணம் வேண்டாம், காகிதத்தில் வெட்டிக்கொள்ளலாம். 274 வெள்ளி என்றால் இரண்டு நூறு, ஏழு பத்து, நான்கு ஒன்று. இரண்டு நோட்டுதான், ஆனால் 200 வெள்ளி. இதைக் கையில் பிடித்துப் பார்த்த பிள்ளை 'மதிப்பு 2' என்று மறுபடி சொல்லாது. பள்ளியில் கீழ்வகுப்புகளில் 1, 10, 100 என்று எழுதிய வட்டத் தட்டுகளைக் கொடுப்பதும் இதற்காகத்தான்.

மூன்று கேள்விகள் பார்க்க ஒரே மாதிரி இருக்கும், விடை மூன்றும் வேறு. 5274-இல் நூறுகள் இடத்தில் உள்ள இலக்கம் எது? 2. அந்த இலக்கத்தின் மதிப்பு என்ன? 200. 5274-இல் மொத்தம் எத்தனை முழு நூறுகள் இருக்கின்றன? 52. மூன்றாவதில்தான் கெட்டிக்காரப் பிள்ளைகளும் கவிழ்வார்கள். 5274 வெள்ளியை நூறு வெள்ளி நோட்டுகளாக மட்டும் வாங்கினால் எத்தனை நோட்டு கிடைக்கும் என்று கேட்டுப் பாருங்கள், உடனே 52 என்பார்கள். ஆயிரத்துக்குள்ளும் பத்து நூறு உட்கார்ந்திருக்கிறது என்பது பணமாகப் பார்த்தால் தெரிகிறது, எண்ணாகப் பார்த்தால் மறைந்துவிடுகிறது.

புதிரைப் படித்ததும் முதலில் என்ன செய்ய வேண்டும்?

எண்ணைப் பிரித்து எழுத வேண்டும். நான் இதை 'மூட்டையை அவிழ்ப்பது' என்பேன். ஒரு புதிரை எடுத்துக்கொள்வோம்:

*ஓர் ஈரிலக்க எண். இலக்கங்களின் கூட்டுத்தொகை 9. இலக்கங்களை இடம் மாற்றினால் எண் 27 கூடுகிறது. அந்த எண் எது?*

தொடக்கநிலை 4 பிள்ளைக்கு இயற்கணிதம் தெரியாது, தெரிய வேண்டியதும் இல்லை. கூட்டினால் 9 வரும் ஈரிலக்க எண்களில், திருப்பினால் பெரிதாகக்கூடியவை நான்கே: 18, 27, 36, 45. திருப்பிப் போட்டுக் கழித்தால் 81 − 18 = 63, 72 − 27 = 45, 63 − 36 = 27. கிடைத்துவிட்டது, விடை 36. இப்படி வரிசையாகப் பட்டியல் போடுவதைச் சில பெற்றோர்கள் குறைவாக நினைக்கிறார்கள். 'குத்துமதிப்பாகப் போட்டான்' என்று திட்டுகிறார்கள். ஒழுங்காக, ஒன்றையும் விடாமல் போட்ட பட்டியல் குத்துமதிப்பு அல்ல. அது முழுமையான விடை.

இப்போது மூட்டையை அவிழ்ப்போம். பத்துகள் இட இலக்கத்தை ப என்றும் ஒன்றுகள் இட இலக்கத்தை ஒ என்றும் வைத்துக்கொள்ளுங்கள். எண் = 10×ப + ஒ. திருப்பிய எண் = 10×ஒ + ப. இரண்டையும் கழித்தால் 9×ஒ − 9×ப, அதாவது இலக்கங்களின் வித்தியாசத்தைப் போல ஒன்பது மடங்கு. 27 என்றால் வித்தியாசம் 3. கூட்டினால் 9, கழித்தால் 3: இலக்கங்கள் 6-உம் 3-உம். முடிந்தது.

இரண்டு வழியையும் காட்டுங்கள், ஆனால் பட்டியல் முதலில். மேலே 63, 45, 27 என்று வித்தியாசம் 18, 18-ஆக இறங்குவதைப் பிள்ளையே பார்த்து, "ஏன் அப்படி?" என்று கேட்கட்டும். அந்தக் கேள்வி வந்தபிறகு ப, ஒ எல்லாம் பாரமாக இருக்காது.

திருப்பிப் போட்டுக் கழித்தால் எப்போதும் 9-இன் மடங்குதானா?

எப்போதும். ஓர் இலக்கம் ஒன்றுகள் இடத்திலிருந்து பத்துகள் இடத்துக்கு ஏறினால், அது ஒவ்வொன்றுக்கும் 9 கூடுகிறது (10 − 1). இறங்கினால் 9 குறைகிறது. அதனால் 'இலக்கங்களை மாற்றினால் எண் 20 கூடுகிறது' என்று யாராவது புதிர் போட்டால், தேடவே வேண்டாம், அப்படி எண் இல்லை. ஒரு பையன் தானே அப்படி ஒரு புதிர் எழுதிக்கொண்டு வந்து என்னை மடக்கப் பார்த்தான். "இல்லாத எண்ணைக் கேட்கிறாயே" என்றதும் அவன் முகத்தைப் பார்க்க வேண்டும்.

இது பள்ளிக்கூட விளையாட்டு மட்டுமல்ல. தேக்கா பக்கம் மளிகைக் கடை வைத்திருந்த என் பெரியப்பா ராத்திரி கணக்கு முடிக்கும்போது பணம் இடித்தால், இடிக்கும் தொகையை முதலில் ஒன்பதால் வகுத்துப் பார்ப்பார். 45 வெள்ளி குறைகிறதா? மீதியில்லாமல் வகுபடுகிறது. அப்படியானால் 83-ஐ 38 என்றோ 94-ஐ 49 என்றோ யாரோ மாற்றி எழுதியிருக்கலாம் என்று ஏட்டைப் புரட்டுவார். 70-ஐ 7 என்று எழுதி ஒரு பூஜ்யத்தை விழுங்கினாலும் வித்தியாசம் 63, அதுவும் ஒன்பதின் மடங்கு. ஒன்பதால் வகுபடாவிட்டால் வேறு தவறு. அவர் ஆறாம் வகுப்புக்கு மேல் படிக்காதவர். ஏன் ஒன்பது என்று கேட்டால், "அப்படித்தான்டா" என்பார்.

கழித்தால் ஒன்பது. கூட்டினால்?

பதினொன்று. (10×ப + ஒ) + (10×ஒ + ப) = 11×ப + 11×ஒ. எண்ணையும் அதன் திருப்பலையும் கூட்டினால் இலக்கக் கூட்டுத்தொகையின் 11 மடங்கு. 36 + 63 = 99 = 11 × 9.

இதிலிருந்து எனக்கு மிகவும் பிடித்த ஒரு விஷயம் கிளம்புகிறது. *தன் இலக்கங்களின் கூட்டுத்தொகையைப் போல 4 மடங்கு இருக்கும் ஈரிலக்க எண் எது?* பிள்ளைகள் 12 என்று கண்டுபிடித்துக் கையைத் தூக்குவார்கள் (1 + 2 = 3, 3 × 4 = 12). இன்னொரு கை 24 என்று எழும். இருவரும் சரி! 10×ப + ஒ = 4×ப + 4×ஒ என்றால் 6×ப = 3×ஒ, அதாவது ஒ என்பது ப-வின் இரட்டிப்பு. எனவே 12, 24, 36, 48 நான்கும் விடை. ஒரு கணக்குக்கு ஒரு விடைதான் என்று பழகிய பிள்ளைகளுக்கு இது அதிர்ச்சி. நல்ல அதிர்ச்சி.

அப்புறம் 7 மடங்கு கேளுங்கள். வருவது 21, 42, 63, 84. முன்பு வந்த நான்கையும் அப்படியே திருப்பிப் போட்டது! ஏன்? எண்ணும் திருப்பலும் சேர்ந்து 11 மடங்கு. எண் 4 மடங்கை எடுத்துக்கொண்டால் திருப்பலுக்கு மிச்சம் 7 மடங்குதானே. இதை ஒரு தொடக்கநிலை 5 பெண் தானாகச் சொன்ன அன்று முறுக்கு டப்பா முழுவதும் அவளுக்கே போனது.

'கடைசி இலக்கத்தைத் தூக்கி முன்னால் வைத்தால்' என்று வரும் கணக்குகள்?

*ஒரு மூவிலக்க எண் 4-இல் முடிகிறது. அந்த 4-ஐ எடுத்து முன்னால் வைத்தால் எண் 234 கூடுகிறது.* இங்கே மூன்று இலக்கங்களையும் தனித்தனியாகப் பிரித்தால் கணக்கு நீளும். மற்ற இரண்டு இலக்கங்களும் ஒட்டியே நகர்கின்றன, அதனால் அவற்றை ஒரே கட்டாக வையுங்கள். கட்டின் பெயர் க. பழைய எண் 10×க + 4. புதிய எண் 400 + க. வித்தியாசம் 396 − 9×க = 234. ஆக 9×க = 162, க = 18. எண் 184, மாற்றினால் 418. எது சேர்ந்தே நகர்கிறதோ அதைப் பிரிக்காதீர்கள்.

எழுத்துகளுக்குப் பதில் இலக்கம் போடும் புதிரைத் தமிழில் போட முடியுமா?

தாராளமாக. இதோ நான் செய்த ஒன்று:

கம + மக = பகப

ஒவ்வொரு எழுத்தும் ஓர் இலக்கம். வெவ்வேறு எழுத்துக்கு வெவ்வேறு இலக்கம். முதல் பிடி ப. இரண்டு ஈரிலக்க எண்களைக் கூட்டினால் 198-ஐத் தாண்ட முடியாது, எனவே ப = 1. அப்புறம் 'கம'வும் 'மக'வும் ஒன்றுக்கொன்று திருப்பல். கூட்டினால் 11-இன் மடங்கு என்று மேலேயே பார்த்தோம். விடையோ 'விகடகவி' மாதிரி இரு பக்கமும் ஒரே மாதிரி படிக்கும் எண்: 101, 111, 121... 191. அவற்றில் 11-ஆல் வகுபடுவது 121 மட்டும். ஆகவே க = 2, கூட்டுத்தொகை 11, ம = 9. 29 + 92 = 121.

1 முதல் 100 வரை 7 எத்தனை முறை வரும்? நான் 19 என்றேன், விடைத்தாளில் 20.

கேள்வியை மறுபடி படியுங்கள். 7 என்ற இலக்கம் எத்தனை முறை எழுதப்படுகிறது என்றால் 20: ஒன்றுகள் இடத்தில் 10 முறை (7, 17, ... 97), பத்துகள் இடத்தில் 10 முறை (70 முதல் 79). எத்தனை எண்களில் 7 இருக்கிறது என்றால் 19, ஏனென்றால் 77 இரண்டு பட்டியலிலும் வருகிறது. ஒவ்வோர் இடத்தையும் தனித்தனியாக எண்ணுவதுதான் இதற்கு வழி. 150 பக்கப் புத்தகத்துக்குப் பக்க எண் போட எத்தனை இலக்கம் வேண்டும் என்பதும் இதே சாதி: 9 + 180 + 153 = 342.

5, 0, 8, 3 கொண்டு ஆகச் சிறிய நான்கிலக்க எண்?

3058. 0358 அல்ல, அது 358. தாத்தா எடுக்கும் நாலு நம்பர் லாட்டரிச் சீட்டில் 0358 செல்லும், கணக்குப் பரீட்சையில் செல்லாது. 'ஆகச் சிறிய ஒற்றை எண்' என்று கேட்டால் கடைசி இடத்தை முதலில் பூட்டுங்கள்: 3-இல் முடித்தால் 5083, 5-இல் முடித்தால் 3085. விடை 3085.

பள்ளியில் எல்லாம் ஆங்கிலத்தில். வீட்டில் தமிழில் சொல்லிக்கொடுத்தால் குழம்பாதா?

இட மதிப்பைப் பொறுத்தவரை தமிழ் உதவுகிறது என்பது என் அனுபவம். 'செவன்டீன்' என்றால் ஏழு முதலில் காதில் விழுகிறது. சின்னப் பிள்ளைகள் 71 என்று எழுதுவதுண்டு. 'பதினேழு' என்றால் பத்து முன்னால், ஏழு பின்னால், எழுதுகிற வரிசையிலேயே. 'இலெவன்', 'டுவெல்வ்' என்பவற்றில் பத்து இருப்பதே தெரியாது. 'பதினொன்று', 'பன்னிரண்டு' அதைக் காட்டிக்கொடுக்கும்.

ஒரே இடத்தில் தமிழும் காலை வாரும்: ஒன்பதில். எண்பதுக்கு அடுத்து வருவது 'தொண்ணூறு'. அதற்குள் 'நூறு' ஒலிக்கிறது. எண்ணூறுக்கு அடுத்து 'தொள்ளாயிரம்', அதற்குள் 'ஆயிரம்'. ஒரு பிள்ளை தொண்ணூற்றைந்தை 105 என்று எழுதியது. அதன் காதைக் குறை சொல்ல முடியாது. தொல்காப்பியமே இந்த ஒன்பதுக்குத் தனி விதி சொல்ல வேண்டியிருந்தது. இந்தச் சொற்களை மட்டும் நோட்டுகளை அடுக்கிக் காட்டி ஒருமுறை சொல்லிவிடுங்கள்.

பெரிய பிள்ளைகளுக்குப் பழைய தமிழ் எண்களையும் காட்டலாம். பத்துக்கு ௰, நூறுக்கு ௱, ஆயிரத்துக்கு ௲ என்று தனிக்குறிகள் இருந்தன. 365-ஐ ௩௱௬௰௫ என்று எழுதினார்கள்: மூன்று நூறு ஆறு பத்து ஐந்து. 305 என்றால் ௩௱௫, அவ்வளவுதான். பூஜ்யம் தேவைப்படவில்லை, ஏனென்றால் எந்த இடம் என்பதைக் குறியே சொல்லிவிடுகிறது. நாம் இப்போது அந்தக் குறிகளை விட்டுவிட்டோம், இடமே பேசுகிறது. அதனால்தான் காலி இடத்தைக் காக்க ஒரு 0 உட்கார வேண்டியிருக்கிறது. 305-இல் உள்ள பூஜ்யத்தை 'ஒன்றுமில்லை' என்று சொல்லும் பிள்ளைக்கு இதைவிட நல்ல பாடம் எனக்குத் தெரியவில்லை.

ஊரில் தாத்தா லட்சம், கோடி என்கிறார். இங்கே மில்லியன். எது சரி?

இரண்டும் சரி, காற்புள்ளி விழும் இடம்தான் வேறு. ஊரில் 12,34,567, இங்கே மூன்று மூன்றாகப் பிரிப்பார்கள், பாடப்புத்தகத்தில் காற்புள்ளிக்குப் பதில் இடைவெளி விடுவதும் உண்டு. பத்து லட்சம் ஒரு மில்லியன். தொடக்கநிலை 5-இல் படிக்கும் பத்து மில்லியன் ஒரு கோடி. இலக்கங்களின் இட மதிப்பு மாறவில்லை.

இதெல்லாம் கால்குலேட்டரில் போட்டுவிடலாமே?

தொடக்கப்பள்ளி இறுதித் தேர்வின் கணக்கு முதல் தாளில் அது கிடையாது, இரண்டாம் தாளில் உண்டு. இருந்தாலும், மேலே 4-ஐ முன்னால் வைத்த கணக்கின் 184-ஐ எந்தப் பொத்தானை அமுக்கிக் கண்டுபிடிப்பீர்கள்?

'ஷெரிலின் பிறந்தநாள்' புதிரும் இந்த வகைதானா?

இல்லை. 2015-இல் உலகமெங்கும் சுற்றிய அந்தப் புதிர் யாருக்கு எது தெரியும் என்று யோசிக்கும் தர்க்கப் புதிர். அதில் இலக்கம், இட மதிப்பு எதுவும் இல்லை. தொடக்கநிலைப் பிள்ளைகளுக்கும் அல்ல, உயர்நிலை 3, 4 மாணவர்களின் ஒலிம்பியாட் போட்டிக்குப் போட்டது. விடை ஜூலை 16. பிள்ளையால் முடியவில்லை என்று வருந்தாதீர்கள்.

விருந்தினர் முன்னால் செய்து காட்ட ஏதாவது இருக்கிறதா?

தீபாவளிக்கு ஒன்று. மாமாவை ஒரு நான்கிலக்க எண்ணை ரகசியமாக எழுதச் சொல்லுங்கள், 5274 என்று வைப்போம். அதிலிருந்து இலக்கக் கூட்டுத்தொகையைக் கழிக்கட்டும்: 5274 − 18 = 5256. அதில் பூஜ்யம் அல்லாத ஏதாவது ஓர் இலக்கத்தை மறைத்துக்கொண்டு மற்றவற்றின் கூட்டுத்தொகையை மட்டும் சொல்லட்டும். அவர் 16 என்றால், அதற்கு மேல் வரும் ஒன்பதின் மடங்கு 18, மறைத்தது 2. அவர் சொல்வதே ஒன்பதின் மடங்காக இருந்தால் மறைத்தது 9. ஆயிரத்தில் 999 + 1, நூறில் 99 + 1, பத்தில் 9 + 1 இருக்கிறது. அந்த 'கூட 1'களின் மொத்தம்தான் இலக்கக் கூட்டுத்தொகை. அதைக் கழித்துவிட்டால் மிஞ்சுவதெல்லாம் ஒன்பதுகள்.

இன்னொன்று நம்மூருக்குப் பொருத்தமானது. சிங்கப்பூர் தனிநாடான 1965-ஐ எடுங்கள். இலக்கங்களைப் பெரியதிலிருந்து ஒருமுறை, சிறியதிலிருந்து ஒருமுறை அடுக்கிக் கழியுங்கள்: 9651 − 1569 = 8082. மறுபடியும்: 8820 − 0288 = 8532. மறுபடியும்: 8532 − 2358 = 6174. இனி எத்தனை முறை செய்தாலும் 6174தான். நான்கும் ஒரே இலக்கமாக இல்லாத எந்த நான்கிலக்க எண்ணில் தொடங்கினாலும் ஏழு முறைக்குள் இங்கே வந்து நிற்கும். இதை 1949-இல் கண்டுபிடித்தவர் மகாராஷ்டிராவின் தேவ்லாலியில் பள்ளி ஆசிரியராக இருந்த கப்ரேக்கர். வழியில் பூஜ்யம் வந்தால் அதை விழுங்காமல் 0288 என்றே எழுத வேண்டும். பிள்ளைகள் தவறுவது அங்கேதான்.

கடைசியாக, கொஞ்சம் கடினமான புதிர் ஒன்று?

*தன் இலக்கக் கூட்டுத்தொகையைப் போல 11 மடங்கு இருக்கும் மூவிலக்க எண்.* பென்சிலை எடுத்துக்கொண்டு இங்கேயே நிறுத்திப் போட்டுப் பாருங்கள்.

போட்டாயிற்றா? நூறுகள் இட இலக்கத்தை நூ என்று வைத்தால், 100×நூ + 10×ப + ஒ = 11×நூ + 11×ப + 11×ஒ. இரு பக்கமும் பொதுவாக உள்ளதைக் கழித்தால் 89×நூ = ப + 10×ஒ. வலப்பக்கம் 99-ஐத் தாண்ட முடியாது, எனவே நூ = 1. அப்படியானால் 10×ஒ + ப = 89; ஒ = 8, ப = 9. எண் 198. சரிபார்க்க: 1 + 9 + 8 = 18, 18 × 11 = 198.